பூனை நாக்குக் காளான்: திருப்பிப் பார்த்தால் தெரிந்துவிடும்

கேள்வி: ஊசியிலைக் காட்டில் பாசி பிடித்து மட்கிக் கிடந்த ஒரு கட்டையில், வெளிறிய சாம்பல் நிறத்தில் கண்ணாடி போன்ற காளான்களைப் பார்த்தேன். தொட்டால் ஜெல்லி மாதிரி ஆடுகின்றன. இரண்டு படம் அனுப்பியிருக்கிறேன். சிலவற்றை நத்தை கடித்திருக்கிறது. அப்படியானால் நாமும் சாப்பிடலாம்தானே?

பதில்: முதலில் நத்தையை விட்டுவிடுவோம். ஆளையே கொல்லும் அமானிட்டா காளான்களைக்கூட நத்தைகள் கூச்சமில்லாமல் மேயும். அதன் வயிறு வேறு, நம் வயிறு வேறு.

உங்கள் முதல் படம் மேலிருந்து எடுத்தது. காளான் படம் அனுப்புகிற பலரும் இப்படித்தான் அனுப்புகிறார்கள். அதை வைத்து என்னால் ஒன்றும் சொல்ல முடியாது. நல்லவேளையாக இரண்டாவது படத்தில் ஒன்றைப் பறித்துக் கவிழ்த்துக் காட்டியிருக்கிறீர்கள். அடிப்பக்கம் முழுக்கச் சின்னச் சின்ன முட்கள், இரண்டு மூன்று மில்லிமீட்டர் நீளத்தில், உடம்பைப் போலவே ஒளி ஊடுருவுகிற முட்கள். விரலால் தடவியிருந்தால் குத்தியிருக்காது, வளைந்து கொடுத்திருக்கும். ஜெல்லி உடம்பு, அடியில் முட்கள், மட்கிய ஊசியிலைக் கட்டை: இந்த மூன்றும் ஒன்றாகச் சேர்ந்தால் அது சூடோஹிட்னம் ஜெலட்டினோசம். பூனை நாக்கு என்பது அதன் செல்லப்பெயர். பூனை எப்போதாவது உங்கள் கையை நக்கியிருந்தால் காரணம் புரியும்.

பெயரின் முன்பாதிக்குப் 'பொய் ஹிட்னம்' என்று பொருள். ஹிட்னம் என்பது அடியில் முள் வைத்த வேறொரு காளான் இனம். தரையில் முளைக்கும், சதை கெட்டியாக இருக்கும், ஒடித்தால் உடையும். 1772இல் இயற்கை ஆய்வாளர் ஸ்கோபோலி பூனை நாக்கை முதலில் விவரித்தபோது முள்ளைப் பார்த்து அந்த இனத்தில்தான் சேர்த்தார். 1868இல் காளான் ஆய்வாளர் கார்ஸ்டன் தனி இனமாகப் பிரித்தார். நுண்ணோக்கியில் பார்த்தால் பிரித்தது சரிதான் என்று தெரியும்: ஸ்போர்களை, அதாவது காளானின் விதை போன்ற நுண்துகள்களை, தாங்கும் செல் நெடுவாக்கில் நான்கு அறைகளாகத் தடுக்கப்பட்டிருக்கும். ஹிட்னத்தில் அந்தத் தடுப்பே கிடையாது. முள் மட்டும்தான் பொது, உறவு இல்லை.

இனி எச்சரிக்கை. இதே மாதிரிக் கட்டையில், இதே மாதிரி பக்கவாட்டில் நீட்டிக்கொண்டு, வெள்ளையாக முளைக்கும் இன்னொன்று உண்டு: புளூரோசைபெல்லா போரிஜென்ஸ். நெடுங்காலம் உண்ணத் தகுந்தது என்று நம்பிச் சாப்பிட்டுவந்த காளான் அது. 2004இல் ஜப்பானில் அதைச் சாப்பிட்டவர்களுக்கு மூளை பாதிக்கப்பட்டு 17 பேர் இறந்தார்கள். பாதிக்கப்பட்டவர்களில் பலர் ஏற்கெனவே சிறுநீரகக் கோளாறு உள்ளவர்கள். தூரத்திலிருந்து பார்த்தால் இரண்டும் குழப்பலாம். கவிழ்த்தால் குழப்பமே இல்லை: அதன் அடியில் முள் இருக்காது, புத்தகத் தாள் போல நெருக்கமான மெல்லிய தகடுகள் இருக்கும். உடம்பும் ஜெல்லி அல்ல, ஒளி ஊடுருவாது. காளானைத் தாளில் கவிழ்த்துவைத்து, உதிரும் ஸ்போர் படிவின் நிறத்தைப் பார்க்கிறேன் என்று சிலர் கிளம்புவார்கள். இங்கே அது உதவாது, இரண்டுக்கும் வெள்ளைதான்.

ஜெல்லியாக இருப்பதெல்லாம் சாதுவானது என்ற எண்ணமும் வேண்டாம். கருவாலி மரக்கட்டையில் கறுப்புப் பொத்தான் போல முளைக்கும் புல்கேரியா இன்குவினான்ஸும் தொட்டால் ஜவ்வு மாதிரிதான் இருக்கும். விரலால் தேய்த்தால் மையாக ஒட்டிக்கொள்ளும். அதைத் தின்றுவிட்டு வெயிலில் போனால் தோல் சிவந்து வீங்குவதுண்டு.

ஒரே பெயரில் சொல்லிவந்த பூனை நாக்கு உண்மையில் பல சிற்றினங்கள் என்று மரபணு ஆய்வுகள் காட்டிவருகின்றன. உங்கள் காட்டில் இருப்பது அவற்றில் எது என்று படத்தை வைத்துச் சொல்ல முடியாது. படம் பார்த்துச் சொல்கிற எவர் பேச்சையும், என் பேச்சையும் சேர்த்துத்தான், கடைசித் தீர்ப்பாக எடுத்துக்கொள்ளாதீர்கள். உங்கள் பகுதிக் காளான்களை அறிந்த ஒருவர் கையில் கொடுத்துக் காட்டிய பிறகு வாயில் வையுங்கள்.

அவரும் சரியென்றால் சாப்பிடலாம். ஆனால் ருசி? ஒன்றும் கிடையாது, தண்ணீரை மென்றது போல இருக்கும். பச்சையாகவே தேனோ சர்க்கரையோ சேர்த்துச் சாப்பிடுகிறவர்கள் உண்டு. நானாக இருந்தால் கொதிநீரில் ஒரு நிமிடம் போட்டெடுத்து, சர்க்கரைப் பாகில் ஓர் இரவு ஊறவைப்பேன். ஊறிய பொருளின் சுவையை அப்படியே வாங்கிக்கொள்ளும். எண்ணெயில் வதக்கினால் நீர் விட்டுச் சுருங்கி, சட்டியில் பாதிகூட மிஞ்சாது. பழையது, நிறம் மங்கிப் பழுப்பேறியது, கட்டையோடு காய்ந்து சுருண்டது எதையும் எடுக்க வேண்டாம். முதல் தடவை இரண்டு மூன்று துண்டு போதும், ஒரு நாள் பொறுத்திருங்கள். சமைக்காத ஒரு முழுக் காளானைத் தாளில் சுற்றிக் குளிர்பெட்டியில் வைத்திருங்கள். உடம்புக்கு ஏதாவது ஆனால் மருத்துவர் முதலில் கேட்பது அதைத்தான்.