‘நொஸ்ஃபெராட்டு’ ஆல்பின் கிராவ்: கேள்வி பதில்

1922-இல் வெளிவந்த ஜெர்மன் மௌனப் படம் ‘நொஸ்ஃபெராட்டு’. அதன் தயாரிப்பாளர்களில் ஒருவராக இருந்துகொண்டே கலை இயக்கத்தையும் பார்த்துக்கொண்டவர் ஆல்பின் கிராவ். அவரைப் பற்றிக் கேட்டவர்களுக்கு என் பதில்கள்.

கேள்வி: நொஸ்ஃபெராட்டு என்றாலே இயக்குநர் முர்னாவ் பெயரைத்தான் சொல்கிறார்கள். கிராவின் பங்கு அவ்வளவு பெரிதா?

பெரிதுதான். 1921-இல் என்ரிக்கோ டீக்மன் என்பவரோடு சேர்ந்து ‘பிராணா ஃபிலிம்’ கம்பெனியைத் தொடங்கியவரே அவர்தான். அரங்கம், உடை, காட்சிகளுக்கான முன்வரைவு, போஸ்டர் வரை எல்லாவற்றிலும் அவர் கை இருக்கிறது. மொட்டைத் தலை, கூர்ந்த காது, எலிப்பல், நீண்ட நகம் என்று, படத்தில் வரும் காட்டேரி ஆர்லோக் பிரபுவாக நடிகர் மாக்ஸ் ஷ்ரெக் வந்து நிற்கிறாரே, அந்த உருவமும் கிராவ் வரைந்ததுதான். முர்னாவின் மேதைமையில் எனக்குச் சந்தேகமே இல்லை. ஆனால் நூறு வருஷம் கழித்தும் படம் பார்க்காதவர்களுக்குக்கூட அந்த முகம் தெரிகிறது என்றால், அதில் பெரும்பங்கு கிராவுக்கு.

கேள்வி: ‘டாக்டர் கலிகாரி’ என்ற ஜெர்மன் மௌனப் படத்தில் எல்லாமே வரைந்த செட். இதில் நிஜ ஊர், நிஜக் கோட்டை. அப்படியானால் கலை இயக்குநருக்கு என்ன வேலை?

நல்ல கேள்வி. 1920-இல் வந்த கலிகாரியில் நிழலைக்கூட வண்ணத்தால் தீட்டினார்கள். இங்கே விஸ்மார் நகரத் தெருக்கள், ஸ்லோவாக்கியாவின் ஓராவா கோட்டை, லூபெக்கின் பழைய உப்புக் கிடங்குகள் எல்லாம் அப்படியே வருகின்றன. அந்தக் கிடங்குகள்தான் ஆர்லோக் விலைக்கு வாங்கும் வீடு. வரிசை வரிசையாகச் சின்ன ஜன்னல்கள், உள்ளே ஆள் நடமாட்டமே இல்லை. அதைப் பார்த்ததும் ‘இங்கே குடிவருபவன் மனிதனாக இருக்க முடியாது’ என்று தோன்றிவிடும். சரியான கட்டடத்தைக் கண்டுபிடிப்பதும் கலை இயக்கம்தான்.

உள்ளே வந்தால் வளைவு வாசல்கள். ஆர்லோக் வந்து நிற்கும்போது, அவர் உடம்புக்கு அளவெடுத்துச் செய்த சவப்பெட்டி மாதிரி அந்த வளைவு அவரைச் சுற்றி நிற்கும்.

அப்புறம் அந்தக் கடிதம். வீட்டுத் தரகர் நாக், ஆர்லோக்கின் கடிதத்தைப் படிக்கிற காட்சியை நிறுத்திப் பாருங்கள். தாள் முழுக்க மறைஞான (மாந்திரீகம் போன்ற ரகசிய வித்தைகளின்) குறிகள். திரையில் கொஞ்ச நேரம்தான் வரும். பணம் போடுபவர் வேறு ஆளாக இருந்தால் ‘இதை யார் கவனிக்கப் போகிறார்கள், நாலு கிறுக்கல் போதும்’ என்றிருப்பார். இங்கே பணத்தைப் பார்ப்பவரும் பேனா பிடிப்பவரும் ஒருவரே.

கேள்வி: அவர் நிஜமாகவே மறைஞானத்தில் ஈடுபட்டவரா?

ஆமாம். அந்தக் கால ஜெர்மன் மறைஞானக் குழுக்களில் உறுப்பினர். அங்கே அவருக்கு ‘பசிட்டியஸ்’ என்ற பெயரும் உண்டு.

கேள்வி: அப்படியிருந்தும் ஒரே படத்தோடு கம்பெனி மூடியது ஏன்?

கதை பிராம் ஸ்டோக்கரின் ‘டிராகுலா’. உரிமை வாங்கவில்லை. டிராகுலாவை ஆர்லோக் ஆக்கி, கதையை ஜெர்மனிக்கு நகர்த்தினார்கள். ஆனால் எந்த நாவலிலிருந்து எடுத்தோம் என்று படத்திலேயே போட்டார்கள்! 1922 மார்ச் 4 அன்று பெர்லினில் தடபுடலாக முதல் காட்சி. அதே வருஷம் கம்பெனி திவால். ஸ்டோக்கரின் மனைவி ஃபுளோரன்ஸ் தொடுத்த வழக்கில், 1925-இல் பிரதிகளை அழிக்கச் சொல்லித் தீர்ப்பு வந்தது. தப்பிய பிரதிகளால்தான் இன்று நாம் பார்க்கிறோம். கலைஞராக அவர் மேல் எனக்கு எவ்வளவு மரியாதை இருந்தாலும், உரிமை விஷயத்தில் தயாரிப்பாளர் கிராவை மன்னிக்க முடியவில்லை. வரைந்த கையின் உழைப்பே அழிந்துபோக இருந்தது.

கேள்வி: அதற்குப் பிறகு?

1923-இல் ஆர்தர் ராபிசன் இயக்கிய ‘ஷாட்டன்’. ‘நிழல்கள்’ என்று பொருள். மூலக் கருவும் கிராவுடையது, அரங்கமும் அவருடையது. ஒரு விருந்தில் நிழலாட்டக்காரன் வந்து விருந்தாளிகளின் ஆசைகளை வெளியே இழுத்துப் போடுகிறான். கண்டிப்பாகப் பாருங்கள். பின்னாளில் சினிமாவை விட்டே விலகிவிட்டார், இறந்தது 1971-இல்.

கேள்வி: நான் பார்த்த பிரதியில் ஆர்லோக் பட்டப்பகலில் சவப்பெட்டியைத் தூக்கிக்கொண்டு நடக்கிறார். வெயில் பட்டால்தான் சாவாரே?

கறுப்பு வெள்ளைப் பிரதி பார்த்திருக்கிறீர்கள். இரவுக் காட்சிகளைப் பகலில் எடுத்து, பிரதியில் நீலச் சாயம் ஏற்றுவது அன்றைய வழக்கம். சாயம் போனால் இரவு பகலாகிவிடும், கதையே குழம்பும். ஏனென்றால் சூரிய வெளிச்சத்தில் காட்டேரி மறைந்து அழிவது இந்தப் படம் கொண்டுவந்தது. நாவலில் டிராகுலா பகலிலும் நடமாடுவார். சாயத்தோடு மீட்டெடுத்த பிரதிகள் கிடைக்கின்றன, அதில் ஒன்றைப் பாருங்கள்.