ஹெம்ப் லைசென்ஸ் - கேளுங்க, தெரிஞ்சத சொல்றேன்

உசிலம்பட்டி தம்பி: அண்ணே, ரெண்டு ஏக்கர் சும்மா கெடக்கு. ஒருத்தர் வந்து ஹெம்ப் போடு, லைசென்ஸ் நான் வாங்கித் தாரேன், முன்பணம் அம்பதாயிரம் கட்டுன்றாரு. கட்டலாமா?

பத்து பைசா குடுத்துறாத தம்பி. ஹெம்ப்னா போதை கம்மியா இருக்க கஞ்சா செடிதான். 1985 என்டிபிஎஸ்ங்குற போதைப்பொருள் சட்டத்துல 14ஆவது பிரிவு இருக்கு, நாருக்கும் வெதைக்கும்னு அரசாங்கம் உத்தரவு போட்டா வளக்கலாம், அத வச்சுத்தான் 2018ல உத்தரகாண்ட்ல லைசென்ஸ் குடுத்தாய்ங்க, அங்கயும் போதை ஏத்துற டிஎச்சிங்குற பொருள் 0.3 சதவீதத்த தாண்டக்கூடாது. நம்ம தமிழ்நாட்டுல விவசாயிக்கு அப்படி ஒரு லைசென்ஸே கெடையாது, இல்லாதத அவரு எங்கருந்து வாங்கித் தருவாரு? மாட்டுனா 20ஆவது பிரிவு, பத்து வருசம் வரைக்கும் கடுங்காவல், ஒரு லட்சம் வரைக்கும் அபராதம். பட்டா ஒன் பேருல இருக்கு, மதுரை போதைப்பொருள் கோர்ட்டுக்கு நீதான் அலையணும், அவரு வர மாட்டாரு.

வாடிப்பட்டி: வயலுக்கு சணப்பு வெதைக்கவும் லைசென்ஸ் வேணுமா?

வேணாம். அது வேற செடி, பசுந்தாள் உரம். தாராளமா வெதச்சு பூக்குற நேரத்துல மடக்கி உழுங்க.

செல்லூர்: வெளி மாநிலத்துலருந்து ஹெம்ப் நூல் வாங்கி தறியில ஓட்டலாமாண்ணே?

ஓட்டலாம்ப்பா. நூலு கஞ்சா கணக்குல வராது. ஜிஎஸ்டி பில்லு மட்டும் பத்திரமா வச்சுக்க.

திருமங்கலம் அக்கா: செக்கு வச்சுருக்கேன் தம்பி, ஹெம்ப் வெதை வாங்கி எண்ணெய் ஆட்டி விக்கலாமா?

விக்கலாம்க்கா, இதுலதான் நம்மூருக்கு நேர்மையான வழி இருக்கு. வெதை, எண்ணெய், மாவு மூணையும் உணவுப் பாதுகாப்பு ஆணையம் எஃப்எஸ்எஸ்ஏஐ 2021லயே உணவுன்னு ஏத்துக்கிருச்சு. ஆனா போட்டாலும் மொளைக்காத வெதையா இருக்கணும். டிஎச்சி வெதையில கிலோவுக்கு 5 மில்லிகிராம், எண்ணெயில 10, அதுக்கு மேல போகக்கூடாது. மூட்டைய எறக்குறதுக்கு முன்னாடி லேப் ரிப்போர்ட்ட கையில வாங்கி அதுல இருக்க லாட் நம்பரும் மூட்டையில தச்சுருக்க சீட்டுல இருக்க நம்பரும் ஒண்ணான்னு பாருங்க, இல்லன்னா திருப்பி அனுப்பிருங்க. செக்குக்கு இருக்க ஃபுட் லைசென்ஸ்ல இந்தப் பொருளையும் சேக்கணும். பாட்டில்ல இலைப் படம் வேணாம், தூக்கம் வரும் வலி போகும்னும் எழுதாதீங்க.

மேலூர்: அப்ப வலிக்குன்னு விக்கிற கஞ்சா இலை எண்ணெய்?

அது மருந்து, உணவு இல்ல. ஆயுஷ் தயாரிப்பு லைசென்ஸ் உள்ளவங்க செஞ்சதா இருக்கணும், டாக்டர் மேற்பார்வையில சாப்பிடணும்னு லேபிள்லயே போட்டுருக்கணும். மளிகைக் கடையில வச்சு விக்காதீங்க.