ஆன்லைனில் வாங்கிய சென்ட் போலி: பணம் திரும்பக் கிடைக்குமா?

கேள்வி: குடியாத்தத்தில் வசிக்கிறேன். தங்கை கல்யாணத்தில் மாப்பிள்ளைக்குக் கொடுப்பதற்காகப் பெரிய ஆன்லைன் தளம் ஒன்றில் டியோர் சோவாஜ் 100 மி.லி. சென்ட் வாங்கினேன். விலை 2,899 ரூபாய், யுபிஐயில் கட்டினேன். ‘100% ஒரிஜினல், இம்போர்ட்டட்’ என்று போட்டிருந்தார்கள். ரிசப்ஷன் அன்று மாப்பிள்ளை அடித்துக்கொண்டார். அரை மணி நேரத்தில் வாசனையே இல்லை. துபாயில் வேலை பார்க்கும் அவருடைய அண்ணன் பாட்டிலைப் பார்த்த உடனே டூப்ளிகேட் என்று சொல்லிவிட்டார். சம்பந்தி வீட்டார் முன்னால் பெரிய அவமானமாகிவிட்டது. தளத்தில் புகார் செய்தால், ‘திறந்த அழகுசாதனப் பொருளைத் திரும்ப எடுக்க மாட்டோம்’ என்கிறார்கள். விற்றவரோ, ‘போலி என்று நிரூபியுங்கள்’ என்கிறார். இந்தத் தொகைக்குக் கேஸ் போட முடியுமா? வக்கீல் பீஸே அதைவிட அதிகமாகிவிடாதா?
— வாசகி, குடியாத்தம்

பதில்: கேஸ் போடலாம். வேலூரிலேயே போடலாம். நுகர்வோர் பாதுகாப்புச் சட்டம் 2019, பிரிவு 34-ன்படி நீங்கள் வசிக்கும் இடத்துக்கு உரிய மாவட்ட நுகர்வோர் குறைதீர் ஆணையத்தில் புகார் கொடுக்கும் உரிமை உங்களுக்கு இருக்கிறது. விற்றவர் டில்லியில் இருந்தாலும் சூரத்தில் இருந்தாலும் அவர்தான் வேலூர் வந்து பதில் சொல்ல வேண்டும். பொருளுக்குக் கொடுத்த விலை 5 லட்சம் ரூபாய் வரை இருந்தால் புகாருக்குக் கட்டணம் கிடையாது. வக்கீல் வைப்பதும் கட்டாயமில்லை, நீங்களே வாதாடலாம். உதவி வேண்டுமென்றால் மாவட்ட சட்டப்பணிகள் ஆணைக்குழுவில் கேளுங்கள். பெண்களுக்கு, வருமானம் எவ்வளவு இருந்தாலும், இலவச சட்ட உதவி உண்டு. அதற்கான தொலைபேசி எண் 15100.

அடுத்தது நிரூபிக்கும் விஷயம். பெரும்பாலானவர்கள் சறுக்குவது இங்கேதான். ‘வாசனை அரை மணி நேரம்கூட நிற்கவில்லை’ என்பதைப் புகாரின் மையமாக வைக்காதீர்கள். எதிர்த்தரப்பு வக்கீல் அதை இரண்டே வரியில் தள்ளிவிடுவார். சோவாஜில் ஓ டி டாய்லெட், ஓ டி பர்ஃப்யூம், பர்ஃப்யூம் என்று பல வகை உண்டு. ஓ டி டாய்லெட்டில் வாசனை எண்ணெயின் அளவு குறைவு என்பதால் அது இயல்பாகவே சீக்கிரம் குறையும். வேலூர் வெயிலில், வியர்வையில் இன்னும் வேகமாகப் போகும். ஆளுக்கு ஆள் தோலும் மாறும். வாசனை பற்றிய சண்டைக்கு முடிவே கிடையாது.

சட்டம் கேட்பது வேறு. பிரிவு 2(43)-ன்படி, உண்மையானது என்று பொய்யாகச் சொல்லி விற்கப்படும் பொருளே போலிப் பொருள். ஆகவே நீங்கள் காட்ட வேண்டியவை இரண்டு: ஒரிஜினல் என்று சொல்லி விற்றார்கள், அந்தச் சொல்லுக்கு அவர்களிடம் ஆதாரம் இல்லை. ஒரிஜினல் சென்ட் விற்பவரிடம் அதை அவர் யாரிடமிருந்து வாங்கினார் என்பதற்கான கொள்முதல் பில் இருக்கும். அந்தப் பில்லைக் காட்டச் சொல்வதுதான் உங்கள் வழக்கின் முதுகெலும்பு. போலி விற்றவரால் அதைக் காட்ட முடியாது.

முதலில் உங்களுக்கு வந்த பில்லை எடுத்துப் பாருங்கள். விற்றவரின் 15 இலக்க ஜிஎஸ்டி எண் அதில் இருக்கும். முதல் இரண்டு இலக்கம் மாநிலம்: தமிழ்நாடு 33, டில்லி 07, மகாராஷ்டிரா 27. அந்த எண்ணை ஜிஎஸ்டி இணையதளத்தில் போட்டால் பதிவு யார் பெயரில் இருக்கிறது, இன்னும் நடப்பில் இருக்கிறதா, ரத்தாகிவிட்டதா என்பது தெரியும். அந்தப் பக்கத்தை அப்படியே சேமியுங்கள். பிறகு ஹெச்எஸ்என் குறியீடு, அதாவது பொருள் எந்த வகை என்று வரிக்காகப் போடும் எண். பர்ஃப்யூமுக்கும் டாய்லெட் வாட்டருக்கும் உரியது 3303. டியோடரன்ட் வகைக்கு உரிய 3307 என்றோ, சம்பந்தமில்லாத வேறு குறியீடோ இருந்தால் குறித்துக்கொள்ளுங்கள். பொருள் விவர வரியில் ‘டியோர்’ என்ற பெயரே இல்லாமல் ‘மென்ஸ் பர்ஃப்யூம் 100 மி.லி.’ என்று மட்டும் இருந்தால் அது மிக முக்கியம். விளம்பரத்தில் பிராண்டு பெயர், பில்லில் வெறும் சென்ட் என்றால், அந்த முரண்பாட்டை விற்றவர்தான் விளக்க வேண்டும்.

அடுத்தது அட்டைப்பெட்டி. இந்தியாவில் முறையாக இறக்குமதியான சென்ட் பெட்டியின் மேல் பெரும்பாலும் தனியாக ஒரு ஸ்டிக்கர் ஒட்டியிருப்பார்கள். இறக்குமதியாளரின் பெயரும் முகவரியும், தயாரித்த நாடு, அளவு, தயாரித்த மாதமும் ஆண்டும், எல்லா வரியும் சேர்த்த எம்ஆர்பி, புகாருக்கான தொடர்பு விவரம் ஆகியவை பெட்டியில் இருந்தாக வேண்டும். இது 2011-ஆம் ஆண்டின் பொட்டலப் பொருள்கள் சட்ட அளவியல் விதி. அழகுசாதனப் பொருள் விதிகள் 2020-ன்படி இறக்குமதிப் பதிவுச் சான்றிதழ் எண்ணும் வேண்டும். ஸ்டிக்கர் இருந்தால் அதில் உள்ள இறக்குமதியாளர் பெயரை, சென்னையில் அங்கீகாரம் பெற்ற கடையில் இருக்கும் அதே பெட்டியோடு ஒப்பிட்டுப் பாருங்கள்.

இதில் ஒரு நுணுக்கம் உண்டு. ஸ்டிக்கர் இல்லை என்பதாலேயே போலி என்று எழுதிவிடாதீர்கள். வெளிநாட்டில் வாங்கிய ஒரிஜினலை இங்கே கொண்டுவந்து விற்பவர்கள் இருக்கிறார்கள். அப்படிப்பட்ட இணை இறக்குமதி வணிகச் சின்னச் சட்டத்தை மீறியதாகாது என்று டில்லி உயர் நீதிமன்றம் 2012-ல் கபில் வாத்வா வழக்கில் சொல்லியிருக்கிறது. ‘நாட் ஃபார் சேல்’ என்று போட்ட டெஸ்டர் பாட்டில்களும் (கடையில் அடித்துப் பார்க்க வைப்பவை) ஒரிஜினலாக இருக்கலாம். அவற்றில் பல நேரம் மூடியோ அலங்காரப் பெட்டியோ இருக்காது. ஆகவே ஸ்டிக்கர் இல்லாததைத் தனி விதிமீறலாக எழுதுங்கள், போலி என்பதற்கான காரணங்களை வேறாக அடுக்குங்கள்.

பேட்ச் எண், அதாவது எந்தத் தொகுப்பில் தயாரானது என்று காட்டும் எண், அந்தக் காரணங்களில் ஒன்று. பெட்டியின் அடியிலும் பாட்டிலின் அடியிலும் ஒரு சிறிய குறியீடு இருக்கும். இரண்டும் ஒன்றாக இருக்க வேண்டும். வேறுபட்டால், அல்லது பாட்டிலில் இல்லவே இல்லையென்றால், வெளிச்சத்தில் வைத்துப் படம் எடுங்கள். பேட்ச் எண்ணைச் சரிபார்க்கும் இணையதளங்களை முழுதாக நம்ப வேண்டாம். அவை அந்த எண்ணுக்குரிய தயாரிப்புத் தேதியை மட்டும்தான் காட்டும். போலி அச்சடிப்பவர்கள் ஒரு நிஜப் பெட்டியின் எண்ணையே ஆயிரக்கணக்கில் அச்சடித்துவிடுவார்கள். பார்கோடும் அப்படித்தான். பிரான்ஸ் நிறுவனங்களின் பார்கோடு 300 முதல் 379 வரையிலான எண்ணில் தொடங்கும். அந்த எண் நிறுவனம் பதிவான நாட்டைத்தான் சொல்லும், பொருள் நிஜமா என்பதைச் சொல்லாது. தவறான எண் இருந்தால் அது உங்களுக்குச் சாதகம். சரியான எண் இருந்தால் விற்றவருக்கு அதனால் பெரிய பலம் கிடையாது.

பாட்டிலைக் கண்ணால் பார்த்துச் சொல்லக்கூடியவையும் சில உண்டு. சோவாஜ் மூடிக்குள் காந்தம் இருக்கிறது, அருகில் கொண்டுபோனாலே பிடித்து இழுத்து உட்காரும். வெறும் பிளாஸ்டிக் மூடி லொடலொடவென்று இருந்தால் வீடியோ எடுங்கள். ஸ்பிரே அடித்தால் நுண்ணிய பனிபோல வர வேண்டும், சொட்டாகவோ பீய்ச்சியோ வரக்கூடாது. உள்ளே இறங்கும் குழாய் நீளம் அதிகமாகி அடியில் சுருண்டு கிடப்பது, கண்ணாடியில் குமிழ், அடிப்பாகம் மேடுபள்ளமாக இருப்பது, பெட்டியில் எழுத்துப்பிழை, பசை வழிந்த பாலிதீன் உறை ஆகியவை எல்லாம் போலியின் அடையாளங்கள். ஒவ்வொன்றையும் தனித்தனிப் படமாக எடுத்து எண் போடுங்கள். துபாயில் இருக்கும் மாப்பிள்ளையின் அண்ணனிடம் ஒரிஜினல் பாட்டில் இருந்தால், அதே கோணங்களில் படம் எடுத்து அனுப்பச் சொல்லுங்கள். பக்கத்தில் பக்கமாக வைத்த இரண்டு படங்கள், நீங்கள் எழுதும் நாலு பக்கத்தைவிட வேகமாக வேலை செய்யும்.

இனி யாரும் அந்தப் பாட்டிலை அடிக்க வேண்டாம். மீதித் திரவம்தான் ஆய்வுக்கான மாதிரி. நுகர்வோர் பாதுகாப்புச் சட்டம் பிரிவு 38-ன்படி, சோதனை இல்லாமல் முடிவு செய்ய முடியாது என்றால் ஆணையமே மாதிரியை முத்திரையிட்டு ஆய்வகத்துக்கு அனுப்பலாம், அதற்கான செலவை நீங்கள் முதலில் கட்ட வேண்டியிருக்கும். மருந்துகள் மற்றும் அழகுசாதனப் பொருள்கள் சட்டம் 1940, பிரிவு 26-ன்கீழ் வாங்கியவரே கட்டணம் செலுத்தி அரசுப் பகுப்பாய்வாளரிடம் சோதனை கேட்கவும் வழி இருக்கிறது. மாப்பிள்ளைக்குத் தோலில் எரிச்சலோ தடிப்போ வந்திருந்தால் இதைக் கட்டாயம் செய்யுங்கள், மருத்துவர் சீட்டையும் வையுங்கள். வெறும் பணப் பிரச்சினை என்றால் சோதனைக்கு அவசரப்பட வேண்டாம், கொள்முதல் பில்லே போதும்.

கூரியர் உறையையும் தூக்கிப் போடாதீர்கள். அனுப்பியவர் முகவரி, சரக்கு எண், தளத்தின் கிடங்கு பெயர் எல்லாம் அதில்தான் இருக்கின்றன. விளம்பரப் பக்கம் எப்போது வேண்டுமானாலும் காணாமல் போகும். விலை, ‘ஒரிஜினல்’ என்ற சொல், விற்றவர் பெயர் மூன்றும் தெரியும்படி இன்றைக்கே ஸ்கிரீன்ஷாட் எடுங்கள். அச்சிட்டுத் தாக்கல் செய்யும்போது மின்னணு ஆதாரங்களுக்குப் பாரதிய சாட்சிய சட்டம் பிரிவு 63 கேட்கும் சான்றிதழையும் இணைத்துவிடுங்கள். பிறகு ஆட்சேபம் வராது.

இப்போது தளத்தின் குறைதீர் அதிகாரிக்கு மின்னஞ்சல். அவர் பெயரும் தொடர்பு விவரமும் தளத்தில் இருக்க வேண்டும். சாட்டில் பேசுவதை இதற்கு ஈடாக எடுத்துக்கொள்ளாதீர்கள். இப்படி எழுதலாம்:

‘ஆர்டர் எண் ____. ஒரிஜினல் டியோர் சோவாஜ் என்று விற்கப்பட்ட பொருள் போலி என்பதற்கான படங்களை இணைத்துள்ளேன். நுகர்வோர் பாதுகாப்பு (மின்வணிகம்) விதிகள் 2020, விதி 6(3)-ன்படி போலிப் பொருளைத் திரும்ப எடுக்கவோ பணத்தைத் திருப்பித் தரவோ மறுக்க முடியாது. ரூ.2,899-ஐத் திருப்பித் தரவும். விதி 5(3)-ன்படி விற்பனையாளரின் தலைமையக முகவரி, கிளை முகவரிகள், மின்னஞ்சல் ஆகியவற்றைத் தரவும். இந்தப் பொருளை விற்பனையாளர் வாங்கிய கொள்முதல் பில்லின் நகலைத் தரவும்.’

48 மணி நேரத்துக்குள் பெற்றுக்கொண்டதாகப் பதில் வர வேண்டும், ஒரு மாதத்துக்குள் தீர்வு வர வேண்டும். ‘திறந்ததைத் திரும்ப எடுக்க மாட்டோம்’ என்பது அவர்களுடைய சொந்தக் கொள்கை. அது விதி 6(3)-க்கு மேலானது இல்லை. சென்ட் போலியா என்பது பெட்டியைத் திறக்காமல் யாருக்கும் தெரியாது. கூடவே 1915 என்ற தேசிய நுகர்வோர் உதவி எண்ணிலும் பதிவு செய்யுங்கள். பல புகார்கள் அங்கேயே முடிந்துவிடுகின்றன.

‘சரி, அனுப்புங்கள்’ என்று ஆள் அனுப்பினால், பேட்ச் எண் தெரியும்படி பேக் செய்வதிலிருந்து கையில் கொடுப்பது வரை ஒரே வீடியோவாக எடுங்கள், ரசீது வாங்குங்கள். ‘வேறு பொருளை வைத்து அனுப்பிவிட்டீர்கள்’ என்று பிறகு மறுப்பது அடிக்கடி நடக்கிறது.

ஒரு மாதம் கடந்தும் தீரவில்லையென்றால், 15 நாள் அவகாசம் கொடுத்து ஸ்பீடு போஸ்ட்டில் ஒரு நோட்டீஸ், அதன்பின் புகார். பில் உங்கள் பெயரில் இருப்பதால் நீங்களே புகார்தாரர். விற்றவரை முதல் எதிர்த்தரப்பாகவும் தளத்தை இரண்டாம் எதிர்த்தரப்பாகவும் சேருங்கள். பாரிஸில் உள்ள டியோர் நிறுவனத்தைச் சேர்க்க வேண்டாம், அவர்கள் உங்களுக்கு எதையும் விற்கவில்லை. படங்களை மட்டும் அவர்களுக்கு அனுப்பி வையுங்கள். வணிகச் சின்னச் சட்டப்படி நடவடிக்கை எடுப்பது அவர்கள் வேலை. ‘நாங்கள் வெறும் இடைத்தரகர், பொருளுக்கு நாங்கள் பொறுப்பில்லை’ என்று தளம் சொல்லும். 2018-ல் கிறிஸ்டியன் லூபுட்டான் வழக்கில் டில்லி உயர் நீதிமன்றம் அந்த வாதத்துக்கு வரம்பு கட்டியது, 2020-ல் ஆம்வே வழக்கில் அதே நீதிமன்றத்தின் டிவிஷன் பெஞ்ச் வேறு கருத்து சொன்னது. உங்கள் வழக்கில் அந்தச் சர்ச்சைக்குள் போகத் தேவையில்லை. தளத்தின் கிடங்கிலிருந்து பேக் ஆகி வந்தது, குறைதீர் அதிகாரி கடமையைச் செய்யவில்லை என்ற இரண்டையும் தளத்தின் சேவைக் குறைபாடாக எழுதுங்கள்.

கேட்க வேண்டிய நிவாரணம்: 2,899 ரூபாய், வாங்கிய தேதியிலிருந்து வட்டி, மன உளைச்சலுக்கு இழப்பீடு, வழக்குச் செலவு. சபையில் பட்ட அவமானத்தை ஒளிக்காமல் எழுதுங்கள், மாப்பிள்ளையின் பிரமாண வாக்குமூலத்தையும் சேருங்கள். ஆனால் 5 லட்சம், 10 லட்சம் என்று கேட்காதீர்கள். மிகையான தொகை நியாயமான புகாரின் மேலும் சந்தேகத்தைக் கொண்டுவரும்.

புகாரை ஆன்லைனிலும் தாக்கல் செய்யலாம். வாங்கிய நாளிலிருந்து இரண்டு வருடத்துக்குள் செய்துவிட வேண்டும். நோட்டீஸ் கிடைத்த எதிர்த்தரப்பு 30 நாளில் பதில் தர வேண்டும், அதிகபட்சம் இன்னும் 15 நாள். அந்த 45 நாளுக்கு மேல் போனால் ஏற்க முடியாது என்று உச்ச நீதிமன்றத்தின் அரசியல் சாசன அமர்வு 2020 மார்ச்சில் ஹில்லி கோல்ட் ஸ்டோரேஜ் வழக்கில் தெளிவாகச் சொல்லிவிட்டது. தேதியைக் கணக்கு வைத்து, தாண்டினால் எழுந்து சொல்லுங்கள்.

இதைப் படிக்கும் மற்றவர்களுக்கு இரண்டு விஷயம். ‘ஃபர்ஸ்ட் காப்பி’, ‘மாஸ்டர் காப்பி’ என்று, அதாவது நகல் என்றே எழுதியிருப்பதைத் தெரிந்தே வாங்கிவிட்டு ஏமாந்ததாகப் புகார் செய்ய முடியாது. இன்ஸ்டாகிராமில் பார்த்து முன்பணம் கட்டி, ஆளே காணாமல் போனால் அது மோசடி. உடனே 1930 என்ற சைபர் குற்ற உதவி எண்ணுக்கு அழைத்து, பாரதிய நியாய சன்ஹிதா பிரிவு 318(4)-ன்கீழ் புகார் கொடுங்கள். கட்டிய பணத்தை முடக்க வேண்டுமென்றால் முதல் சில மணி நேரம்தான் முக்கியம்.

உங்கள் வழக்கில், நோட்டீஸ் போன உடனேயே தளம் பணத்தைத் தர முன்வர வாய்ப்பு அதிகம். தந்தால் வாங்கிக்கொள்ளுங்கள். கணக்கில் வரவான பிறகு மட்டும் ‘முழுத் தீர்வு’ என்று எழுதிக் கொடுங்கள். ஆணை வந்தும் பணம் வரவில்லையென்றால் அதே ஆணையத்தில் நுகர்வோர் பாதுகாப்புச் சட்டம் பிரிவு 72-ன்கீழ் மனு போடலாம். ஆணையை மதிக்காதவருக்கு ஒரு மாதம் முதல் மூன்று வருடம் வரை சிறை, அல்லது 25,000 ரூபாய்க்குக் குறையாத அபராதம், அல்லது இரண்டும்.