நள்ளிரவு டாக் ஷோவை வைத்து எடுக்கும் 'டார்க் காமெடி' படம் என்றால் என்ன? அதில் ஏன் சிரிப்பு வருகிறது?

சாவு, வன்முறை, மனச்சிதைவு என்று சிரிக்கவே கூடாத விஷயத்தைச் சிரிப்போடு காட்டுவதுதான் டார்க் காமெடி.

கடலூர் முதுநகரில் ஒரு சாவு வீடு. ஐஸ் பெட்டிக்குப் பக்கத்திலேயே நின்று, பந்தல்காரர் சொன்ன நாற்காலிக் கணக்கு இடிக்கிறதே என்று மாமா விரலை மடக்கி மடக்கி எண்ணிக்கொண்டிருந்தார். அழுதுகொண்டிருந்த அத்தைக்கே சிரிப்பு வந்துவிட்டது. முந்தானையால் வாயைப் பொத்திக்கொண்டார். பெரிய துக்கமும் அன்றாடச் சின்ன வேலையும் ஒரே இடத்தில் மோதும்போது, மனசு இறுக்கம் தாங்காமல் சிரித்துவிடுகிறது.

டாக் ஷோவும் ஒரு சடங்குதான். மேஜை, சோபா, வாத்தியக் குழு, கைதட்டல். அமெரிக்காவில் 1954-ல் தொடங்கிய 'டுநைட் ஷோ' காலத்திலிருந்து இந்த அமைப்பு பெரிதாக மாறவில்லை. நடுவில் என்ன விபரீதம் நடந்தாலும் தொகுப்பாளர் சிரித்த முகத்தோடு அடுத்த விருந்தினரை அழைத்தாக வேண்டும். அங்கேதான் பயமும் சிரிப்பும் சேர்ந்து வரும். 1982-ல் ஸ்கார்செசி இயக்கிய 'தி கிங் ஆஃப் காமெடி'யில், மேடை கிடைக்காத ஒருவன் தொகுப்பாளரையே கடத்திவிடுவான்.

பாதிக்கப்பட்டவரைக் கேலி செய்வதுதான் டார்க் காமெடி என்று பலர் நினைக்கிறார்கள். அத்தை சிரித்தது இறந்தவரைப் பார்த்து இல்லை, அந்த நாற்காலிக் கணக்கைப் பார்த்து.