பூச்செடிக்கும் காய்ச்சலும் பாய்ச்சலும்தான்

கேள்வி: மன்னார்குடி பக்கம் கிராமத்தில் போன வருடம் வீடு கட்டினோம். மதில் ஓரமாகக் காகிதப்பூ, அரளி, நித்தியகல்யாணி வைத்திருக்கிறேன். தொட்டியில் டேபிள் ரோஸ். "எல்லாமே வறட்சி தாங்கும்" என்று சொல்லித்தான் நர்சரியில் கொடுத்தார்கள். தினமும் காலையில் ஓஸ் பைப்பால் தெளிக்கிறேன். மத்தியானம் இலை தொங்கினால் சாயந்திரமும் ஒரு தடவை. ஆனாலும் காகிதப்பூ வெறும் இலையாகவே வளர்கிறது. நித்தியகல்யாணி தண்டு கறுத்து ஒவ்வொன்றாகச் சாகிறது. ஒரு நாளைக்கு எத்தனை லிட்டர் விடவேண்டும்?

பதில்: லிட்டர் கணக்கு இருக்கட்டும் அம்மா. எத்தனை நாளைக்கு ஒரு தடவை என்பதுதான் முதலில் தெரியவேண்டும். வயலுக்கு எப்படித் தண்ணீர் கட்டுவது என்று வீட்டுப் பெரியவர்களைக் கேட்டால் "காய்ச்சலும் பாய்ச்சலுமாக" என்பார்கள். மண்ணைக் காயவிட்டு, பிறகு பாய்ச்சுவது என்று அர்த்தம். நெல்லுக்கே அந்தக் கணக்கு என்றால் அரளிக்குக் கேட்கவே வேண்டாம்.

நாளைக் காலை தண்ணீர் விடுவதற்கு முன், செடியிலிருந்து ஒரு முழம் தள்ளி, களைக்கொத்தால் ஒரு சாண் ஆழம் தோண்டிப் பாருங்கள். போன சித்திரையில் திருவாரூர் பக்கம் ஒரு வீட்டில் இப்படித் தோண்டினேன். மேலே இரண்டு விரற்கடைக்குச் சேறு. அதற்குக் கீழே களைக்கொத்து இறங்கவில்லை. செங்கல்லைக் கொத்தியது போல 'ணங்'கென்றது. மாதக்கணக்கில் தெளித்த தண்ணீர் அந்த இரண்டு விரற்கடையைத் தாண்டவே இல்லை. நம் களிமண் தண்ணீரை மெல்லத்தான் குடிக்கும். பைப்பைத் திறந்து அடித்தால் மேலே தேங்கி, மிச்சம் தெருவுக்கு ஓடிவிடும்.

உங்கள் வீட்டிலும் அதுதான் நடக்கிறது என்று நினைக்கிறேன். ஈரம் மேலேயே கிடைப்பதால் வேரும் மேலேயே படர்கிறது. மத்தியானம் மேல்மண் சுடும்போது இலை தொங்குகிறது. தண்டின் அடி காயவே காயாததால் நித்தியகல்யாணிக்கு அழுகல் நோய். காகிதப்பூவோ, தினமும் ஈரம் கிடைக்கும்வரை இலையும் கொடியுமாகவே ஓடும். கொஞ்சம் வாடவிட்டால்தான் பூக்கும். (நாம் பூ என்று ரசிக்கும் அந்த நிறமெல்லாம் உண்மையில் இலைதான். நடுவில் குச்சி மாதிரி நிற்கும் சின்ன வெள்ளைதான் பூ.) யூரியா போட்டிருந்தால் அதையும் நிறுத்துங்கள்.

மத்தியான வாட்டத்தைப் பார்த்துப் பயப்படவேண்டாம். மறுநாள் விடியற்காலையில் பாருங்கள். இலை நிமிர்ந்திருந்தால் அது வெயில் வாட்டம், தண்ணீர் வேண்டாம். விடிந்த பிறகும் தொங்கினால் தோண்டிப் பார்க்கவேண்டும். மண் நசநசவென்று இருந்தும் வாடுகிறதென்றால் வேர் மூச்சு முட்டுகிறது. அப்போது ஊற்றும் ஒவ்வொரு குடமும் செடியைக் கொல்லும்.

நர்சரிக்காரர் பொய் சொல்லவில்லை, பாதி சொல்லியிருக்கிறார். வேர் ஆழமாக இறங்கிய பிறகுதான் செடி வறட்சியைத் தாங்கும். புதிதாக நட்டதற்கு முதல் மாதம் இரண்டு மூன்று நாளுக்கு ஒரு தடவை விட்டே ஆகவேண்டும். பிறகு நான்கு நாள், ஆறு நாள் என்று இடைவெளியைக் கூட்டுங்கள். ஒரு வருடம் தாண்டிய அரளிக்கும் காகிதப்பூவுக்கும் நம் களிமண்ணில், பங்குனி சித்திரையிலேகூட, எட்டுப் பத்து நாளுக்கு ஒரு தடவை போதும். தோண்டி எடுத்த மண்ணைக் கையில் உருட்டினால் கோலிக்குண்டு மாதிரி நின்றால் இன்னும் ஈரம் இருக்கிறது. உருட்டும்போதே வெடித்து உதிர்ந்தால் விடுங்கள். வேதாரண்யம் பக்கத்து மணலுக்கு இந்தக் கணக்கு ஆகாது. அங்கே மூன்று நாலு நாளுக்கு ஒரு தடவை, கொஞ்சமாக.

விடும் முறைதான் முக்கியம். தண்டை ஒட்டிப் பாத்தி கட்டாதீர்கள். கிளை நுனி எங்கே நிழல் விழுத்துகிறதோ அந்த வட்டத்தில் வாய்க்கால் மாதிரி கீறி, அதில் ஒரு குடம் ஊற்றி, அது உள்ளே போனபின் அரை மணி கழித்து இன்னொரு குடம். மண் பாளம் பாளமாக வெடித்திருந்தால் முதலில் மேலாகக் கொத்தி வெடிப்பை மூடுங்கள். இல்லாவிட்டால் தண்ணீர் வெடிப்பு வழியாக வேரைத் தொடாமலே இறங்கிவிடும். மேலே வைக்கோல் போட்டு மூடலாம், தண்டைச் சுற்றி நாலு விரல் விட்டு.

தொட்டி வேறு சங்கதி. டேபிள் ரோஸுக்குச் சித்திரையில் ஒருநாள் விட்டு ஒருநாள் தேவைப்படலாம். மேல்மண் காய்ந்ததும், அடி ஓட்டையில் வழிகிற வரை ஊற்றுங்கள். கீழே தட்டு வைத்திருந்தால் எடுத்துவிடுங்கள்.

நான் பார்த்தவரையில் டெல்டாவில் இந்தச் செடிகள் வெயிலில் சாவதைவிட ஐப்பசி, கார்த்திகை மழையில் சாவதுதான் அதிகம். மேட்டூர் திறந்து வாய்க்காலில் தண்ணீர் வந்து, சுற்றிலும் வயல் நிறைந்துவிட்டால் கொல்லையில் அடிமண்ணே ஈரமாக இருக்கும். அந்த நாட்களில் பைப்பைச் சுருட்டி வைத்துவிட்டு, மதில் ஓரத்தை ஒரு முழம் மேடாக்கி, தேங்கும் தண்ணீர் வெளியேற வழி வெட்டுங்கள்.

கறுத்துப்போன நித்தியகல்யாணி பிழைக்காது. வேரோடு பிடுங்கி, எருக்குழியில் போடாமல் எரித்துவிடுங்கள். அந்த இடத்தில் உடனே அதையே வைக்கவேண்டாம். நல்ல செடியில் காய் பழுப்பாகும்போது விதை எடுத்து வைத்து, மழை ஓய்ந்து தை பிறந்ததும் மேட்டுப்பாத்தியில் தூவுங்கள்.