நிக்கோவுக்கு ஒருநாள் பயணம்: வழிகாட்டியோடு பஸ்ஸிலா, நாமாகவே ரயிலிலா?

கேட்டவர் மே மாதம் தம் பெற்றோருடன் ஒரு வாரம் டோக்கியோவில் தங்கப் போகிறார். அதில் ஒரு நாளை டோக்கியோவுக்கு வடக்கே இருக்கும் மலையூரான நிக்கோவுக்கு ஒதுக்கியிருக்கிறார். ஆங்கில வழிகாட்டி உடன்வரும் சுற்றுலா பஸ்ஸில் இடம் பிடிக்கலாமா, ரயிலில் தாமே போகலாமா என்பது கேள்வி.

இரண்டையும் செய்தவன் என்பதால் எழுதுகிறேன். முதல் முறை அப்பாவை அழைத்துக்கொண்டு பஸ்ஸில் போனேன். நவம்பர் முதல் வாரம், அதுவும் சனிக்கிழமை. அந்தப் பஸ் கெடுத்ததைச் சரிசெய்வதற்காகவே அடுத்த மே மாதம் தனியாக ரயிலில் இன்னொரு முறை போனேன். என் பதில் இதுதான்: தோஷோகு ஆலயத்துக்கு வழிகாட்டி அவசியம். அருவிக்கும் ஏரிக்கும் அவசியமே இல்லை. பஸ்காரர்கள் இரண்டையும் சேர்த்துக் கட்டி விற்கிறார்கள், சிக்கல் அங்கேதான்.

முதலில் ஆலயம். 1603-இல் ஜப்பானைத் தன் ஆட்சிக்குள் கொண்டுவந்த தொகுகவா இயேயாசு 1616-இல் இறந்தார். முதலில் குனோசான் என்ற இடத்தில் அடக்கம் செய்யப்பட்டார். அடுத்த ஆண்டே நிக்கோவுக்குக் கொண்டுவந்து தெய்வமாக்கிவிட்டார்கள். இன்று நாம் பார்க்கும் பகட்டெல்லாம் பேரன் இயேமிட்சு 1634 முதல் 1636 வரை கட்டியது. தாத்தாவின் மேல் பேரனுக்கு அப்படியொரு பக்தி. ஜப்பானியக் கோயில் என்றதும் நம் மனத்தில் வரும் வெறும் மரம், வெள்ளைச் சுவர், அமைதி எதையும் இங்கே தேடாதீர்கள். பொன், அரக்கு, பச்சை, நீலம், சிவப்பு. சந்து கிடைத்த இடமெல்லாம் சிற்பம். கோபுரங்களைப் பார்த்து வளர்ந்த நமக்கு இது சட்டென்று பிடித்துவிடும். வெளிநாட்டுப் பயணிகள் சிலர் 'கொஞ்சம் அதிகம்' என்று முணுமுணுத்தபோது அப்பா எனக்கு மட்டும் கேட்கும்படி, "இவர்கள் மீனாட்சி கோயிலுக்கு வந்தால் என்ன சொல்வார்கள்?" என்றார்.

வழிகாட்டி வேண்டும் என்று ஏன் சொல்கிறேன் என்றால், அங்கே ஒவ்வொரு செதுக்கலுக்கும் கதை உண்டு. யாராவது சொல்லாவிட்டால் எல்லாம் வெறும் அலங்காரமாகக் கடந்துபோய்விடும். எங்களுக்கு வாய்த்தவர் அறுபதைக் கடந்த அம்மையார். குள்ளமான உருவம், கையில் மடக்கிய குடை, அதுவே கொடி. அவர் இல்லையென்றால் பாதியைத் தவறவிட்டிருப்பேன்.

மூன்று குரங்குகளையே எடுத்துக்கொள்ளுங்கள். காந்தி தம் மேசையில் வைத்திருந்த பொம்மையால் நமக்கு அவை வீட்டுப் பிள்ளைகள் மாதிரி. அவற்றின் புகழ்பெற்ற வடிவம் இங்கே குதிரை லாயத்தின் நெற்றியில் இருக்கிறது. லாயத்தில் ஏன் குரங்கு? குரங்கு குதிரையை நோயிலிருந்து காக்கும் என்பது பழைய நம்பிக்கை. அது தனிப் படமும் அல்ல. ஒரு வாழ்க்கையைச் சொல்லும் எட்டுப் பலகைகளில் இரண்டாவது. முதல் பலகையில் தாய்க்குரங்கு நெற்றியில் கை வைத்துக் குட்டியின் எதிர்காலத்தைப் பார்க்கிறது. இரண்டாவதில் குட்டிகள் தீயதைப் பார்க்காமல், கேட்காமல், பேசாமல் இருக்கின்றன. பிறகு தனிமை, ஆசை, சோர்வு, காதல், கல்யாணம், கடைசியில் கருவுற்ற குரங்கு. அதற்கப்புறம் மறுபடி முதல் பலகை. வழிகாட்டி அம்மையார் குடையை நீட்டி ஒவ்வொன்றாகக் காட்டிவிட்டு, "இதில் சொல் விளையாட்டும் இருக்கிறது" என்றார். மிஸாரு, கிகாஸாரு, இவாஸாரு என்றால் பார்க்காமல், கேட்காமல், சொல்லாமல். அந்த 'ஸாரு' எதிர்மறை விகுதி. ஜப்பானிய மொழியில் குரங்குக்குப் பெயர் 'சாரு'. நம் சிலேடைப் புலவர்கள் கேட்டிருந்தால் பரிசு கொடுத்திருப்பார்கள். சுற்றிலும் நூறு பேர் அந்த ஒற்றைப் பலகையைப் படம் எடுத்துக்கொண்டு மற்ற ஏழையும் பார்க்காமல் நகர்ந்துகொண்டிருந்தார்கள்.

அதற்குப் பக்கத்துக் கட்டடத்தில் யானைகள். இதைக் கொஞ்சம் விரிவாகச் சொல்ல வேண்டும். அப்பா திருவானைக்காவலில் பிறந்தவர். காலையில் யானை முகத்தில் விழித்து வளர்ந்தவர். மேல் பண்டகசாலையின் முகட்டு முக்கோணத்தில் வெள்ளையாக ஒன்று, கருநிறமாக ஒன்று என இரண்டு யானைகள் நிற்கின்றன. வழிகாட்டி வாயைத் திறப்பதற்கு முன்பே அப்பா, "இதைச் செய்தவன் யானையைப் பார்த்ததே இல்லை" என்றார். நான் மொழிபெயர்த்துச் சொன்னேன். அந்த அம்மையார் குடையைக் கக்கத்தில் இடுக்கிக்கொண்டு கைதட்டினார். உண்மைதான். இந்தச் சிற்பங்களுக்கு வரைபடம் போட்ட கானோ தான்யூ பெரிய ஓவியர். ஆனால் யானையைக் கண்ணால் கண்டதில்லை, கேள்விப்பட்டதை வைத்துத்தான் வரைந்தார் என்று சொல்கிறார்கள். ஜப்பானியர்களே அவற்றைக் 'கற்பனை யானை' என்றுதான் அழைக்கிறார்கள். அப்பாவின் புகார்ப் பட்டியல் நீளமானது: கண்கள் பிறைபோல வளைந்து சிரிக்கின்றன, காது இருக்க வேண்டிய இடத்தில் இல்லை, நகங்கள் புலிக்கு உரியவை. பட்டியல் முடிந்த பிறகும் பத்து நிமிடம் அங்கேயே நின்றார். கோபமில்லை. ஊர்க்காரனை வெளியூரில் பார்த்த முகம்.

யோமெய்மோன் வாயிலுக்கு 'பொழுது சாயும் வாயில்' என்று ஒரு செல்லப் பெயர் உண்டு. பார்த்துக்கொண்டே நின்றால் இருட்டிவிடுமாம். 508 சிற்பங்கள். 2017-இல் புதுப்பித்து முடித்ததால் பொன் இன்னும் கண்ணைக் கூசுகிறது. அதன் 12 வெள்ளைத் தூண்களில் ஒன்றில் மட்டும் பூவேலை தலைகீழாக இருக்கும். தச்சனின் பிழை அல்ல. ஒரு வேலை முழுமை அடைந்த கணமே அதன் தேய்வு தொடங்கும் என்பதால் வேண்டுமென்றே ஒன்றைக் குறையாக விட்டிருக்கிறார்கள். அப்பாவுக்கு விளக்கமே தேவைப்படவில்லை, "திருஷ்டிப் பொட்டு" என்று சொல்லிவிட்டு நடந்தார்.

ஒரு வாசலின் மேல் செதுக்கியிருக்கும் தூங்கும் பூனை உள்ளங்கை அளவுதான், அதைப் பார்க்க நிற்கும் வரிசை மட்டும் நீளம். அந்த வாசலைத் தாண்டி 207 கல்படிகள் ஏறினால் இயேயாசுவின் சமாதி. அத்தனை பொன்னுக்கும் அப்பால், தேவதாரு மரங்களுக்கு நடுவே, ஒரு சாதாரண வெண்கலத் தூபி. எனக்கு அந்த வேறுபாடுதான் இந்த ஆலயத்தின் உயிர் என்று தோன்றுகிறது. பஸ் சுற்றுலாவில் இதற்கு நேரம் தருவதில்லை. எங்களுக்கு மொத்தமே 80 நிமிடம். உங்கள் பெற்றோருக்கு முழங்கால் வலி இருந்தால் கீழேயே உட்காரவைத்துவிட்டு நீங்களாவது ஏறுங்கள்.

யகுஷி மண்டபத்தின் கூரையில் ஒரு டிராகன் ஓவியம் உண்டு. ஒருவர் மரக்கட்டைகளைத் தட்டிக் காட்டுவார். டிராகனின் தலைக்குக் கீழே தட்டினால் கிணுகிணுவென்று மணி உருண்டு ஓடுவதுபோல எதிரொலி வரும். இரண்டடி தள்ளித் தட்டினால் வெறும் 'டக்'. 1961-இல் எரிந்துபோன மண்டபத்தை மறுபடி கட்டி, ஓவியத்தையும் மறுபடி வரைந்து, அந்த ஒலியையும் மீட்டிருக்கிறார்கள். உள்ளே போகும்போது செருப்பைக் கழற்ற வேண்டும். காலுறை போட்டுப் போங்கள், தரை பனிக்கட்டி மாதிரி இருக்கும்.

இனி சாப்பாடு. முன்பதிவிலேயே 'சைவம்' என்று குறித்திருந்தோம். வந்த பெட்டியில் நிக்கோவின் சிறப்பான 'யுபா' இருந்தது. பாலில் ஆடை படிவதுபோல சோயாப் பாலைக் காய்ச்சும்போது மேலே படியும் ஏட்டை எடுத்து மடித்துச் செய்வது. கேட்பதற்கு முழுச் சைவம். ஆனால் அது ஊறியிருந்த குழம்பின் அடிப்படை கருவாட்டுச் சாறு. அப்பா மூடியைத் திறந்ததும் மூடிவிட்டார். வழிகாட்டி அம்மையார் முகம் சிவந்து மன்னிப்புக் கேட்டார், தவறு அவருடையதே அல்ல. ஜப்பானில் 'காய்கறி உணவு' என்றால் இறைச்சித் துண்டு இல்லை என்பதோடு பலர் நிறுத்திக்கொள்கிறார்கள். சாற்றில் மீன் உண்டா என்று தனியாகக் கேட்க வேண்டும். அந்தச் சாற்றுக்குப் பெயர் 'தாஷி', சொல்லை மனப்பாடம் செய்துகொள்ளுங்கள். அன்று எங்களைக் காப்பாற்றியது பையில் இருந்த புளியோதரை.

சாப்பிட்டு முடித்து ஒரு மணிக்கு பஸ் மலை ஏறத் தொடங்கியது. இரோஹாசாகா என்ற அந்தச் சாலையில் 48 கொண்டை ஊசி வளைவுகள். கொல்லிமலையின் எழுபதைப் பார்த்தவர்களுக்கு இது பெரிதல்ல. ஆனால் இங்கே ஏற ஒரு சாலை, இறங்க வேறு சாலை. ஏறும்போது 20, இறங்கும்போது 28. ஒவ்வொரு வளைவிலும் எண்ணுக்குப் பதிலாக ஓர் எழுத்து. ஜப்பானிய எழுத்துகள் ஒவ்வொன்றும் ஒரே ஒரு முறை வரும்படி புனைந்த பழைய பாடல் ஒன்று உண்டு. 'இ, ரோ, ஹா' என்று தொடங்கும் அதுதான் முன்பு அவர்களுடைய அரிச்சுவடி. அரிச்சுவடியைப் படித்துக்கொண்டே மலை ஏறுகிற யோசனை எனக்கு மிகவும் பிடித்தது. எழுத்துகளை நிதானமாகப் படிக்க அன்று எங்களுக்கு இரண்டே கால் மணி நேரம் கிடைத்தது. இலைகள் சிவக்கும் காலத்துச் சனிக்கிழமை, டோக்கியோவே அந்த ஒற்றைச் சாலையில் நின்றது.

கெகோன் அருவியை அடைந்தபோது மூன்றே கால். ஊரிலிருந்து புறப்படும்போது அடித்த வெயில் மேலே இல்லை, மூடுபனி. கீழே இறங்கும் லிப்டுக்கு வரிசை. எங்களுக்குக் கொடுத்தது 25 நிமிடம். 97 மீட்டர் அருவியின் சத்தத்தைக் கேட்டோம், பார்க்கவில்லை. அப்பா கைப்பிடிச் சுவரில் சாய்ந்து பஞ்சுப் பொதி மாதிரி இருந்த வெண்மையைப் பார்த்துவிட்டு, "நல்ல சத்தம்" என்றார். ஏரியை பஸ் ஜன்னல் வழியே கடந்தோம். 'நிக்கோவைப் பார்க்காமல் கெக்கோ என்று சொல்லாதே' என்று அவர்களிடம் ஒரு பழமொழி உண்டு. 'கெக்கோ' என்றால் அருமை. அதே சொல்லுக்கு 'போதும், வேண்டாம்' என்றும் பொருள் உண்டு. அன்று மாலை எனக்கு இரண்டாவது பொருள்தான் தோன்றியது.

மறு ஆண்டு மே மாதம், வார நாளில், வரிசையை மாற்றிப் போட்டேன். டோக்கியோவின் அசகுசா நிலையத்திலிருந்து காலை ஏழை ஒட்டிக் கிளம்பும் தோபு நிறுவனத்தின் விரைவு ரயிலில் ஏறினால் இரண்டு மணி நேரத்துக்குள் நிக்கோ. நிலையத்திலிருந்து நேரே மலைக்குப் போகும் பஸ். 'நிக்கோ பாஸ் ஆல் ஏரியா' என்ற சீட்டில் ரயிலின் அடிப்படைக் கட்டணமும் ஏரி வரையிலான பஸ்ஸும் அடங்கிவிடும். விரைவு ரயிலுக்கான கூடுதல் தொகை மட்டும் தனி. பத்தரைக்கு அருவியின் எதிரே நின்றேன், பனி இல்லை.

நான்தாய் எரிமலை கக்கிய குழம்பு ஆற்றை மறித்ததால் உருவானது சூசென்ஜி ஏரி. ஏரியின் தண்ணீர் அந்த எரிமலைப் பாறையின் விளிம்பிலிருந்து விழுவதுதான் கெகோன். லிப்டில் நூறு மீட்டர் இறங்கி எதிரே நின்றால், பெரிய அருவியைவிட அதன் இருபுறமும் பாறையின் நடுவயிற்றிலிருந்து கசிந்து நூல் நூலாக விழும் சிற்றருவிகள்தான் கண்ணைப் பிடிக்கின்றன. ஏரி, பாறைக்குள்ளும் புகுந்து வழி தேடியிருக்கிறது. இதைச் சொல்ல யாரும் தேவையில்லை, பார்த்தாலே புரிகிறது. ஏரி 1,269 மீட்டர் உயரத்தில் இருப்பதால் மே மாதத்திலும் ஒரு மேலாடை வேண்டும். கரையோரமாக நடந்தால் 1928-இல் கட்டிய பழைய இத்தாலியத் தூதரக மாளிகை வரும். அதன் ஜன்னலோர நாற்காலியில் உட்கார்ந்து தண்ணீரைப் பார்ப்பதற்காகவே உங்கள் பெற்றோரை அழைத்துப் போகலாம். ஒரு மணிக்கு இறங்கி, சுற்றுலாக் கூட்டம் கலையும் வேளையில் ஆலயத்துக்குள் நுழைந்தேன். ஏப்ரல் முதல் அக்டோபர் வரை ஐந்து மணி வரை திறந்திருக்கும், நவம்பர் முதல் மார்ச் வரை நான்கு மணிக்கே மூடிவிடுவார்கள்.

ஆகவே உங்களுக்கு என் யோசனை: ரயிலில் போங்கள். ஆலயத்துக்கு மட்டும் இரண்டு மணி நேரத்துக்கு ஒரு வழிகாட்டியை முன்கூட்டி ஏற்பாடு செய்யுங்கள். 2018 ஜனவரியிலிருந்து ஜப்பானில் உரிமம் இல்லாதவரும் கட்டணம் வாங்கி வழிகாட்டலாம் என்று சட்டம் மாறிவிட்டது. அதனால் தேசியத் தேர்வு எழுதித் தேறியவரா என்று கேட்டுக்கொள்வது நல்லது. பெற்றோருக்கு ரயிலும் பஸ்ஸும் மாறி ஏறுவது சிரமம் என்றால் சுற்றுலா பஸ்ஸிலேயே போங்கள், ஆனால் காலையில் முதலில் மலை ஏறும் பஸ்ஸாகப் பார்த்துத் தேர்ந்தெடுங்கள். மே முதல் வாரத்து விடுமுறை நாட்களில் இரண்டுமே வேண்டாம், இரோஹாசாகா மறுபடி அரிச்சுவடி நடத்தும்.

உங்கள் வாரத்தில் மே 18 வருகிறதா என்று பாருங்கள். 1617-இல் இயேயாசுவின் உடலை நிக்கோவுக்குக் கொண்டுவந்த ஊர்வலத்தை அன்று ஆயிரத்துக்கும் மேற்பட்டவர்கள் வீரர் உடையில் நடத்திக்காட்டுவார்கள். முந்தைய நாள் குதிரைமேல் பாய்ந்தபடி வில்லெய்யும் காட்சி. நான் ஒரு வாரம் பிந்திப் போய்க் கோட்டை விட்டேன்.