வில்லி கையில் பத்திரம்

வணக்கம் சார்,

எங்கள் வீட்டில் பொழுது சாய்ந்தால் சீரியல்தான். போன வாரம் ஒரு கல்யாணத்துக்கு ஸ்லீவ்லெஸ் ஜாக்கெட்டும் பெரிய ஜிமிக்கியுமாகக் கிளம்பினேன். “ஏன் கண்ணு, சீரியல் வில்லியாட்ட கெளம்பீட்ட?” என்றார் மாமியார். அலங்காரம் பண்ணிக்கொள்கிறவள் கெட்டவள் என்றா இந்தத் தொடர்கள் சொல்லிக்கொடுக்கின்றன?

வாசகி, கோபிசெட்டிபாளையம்

அன்புள்ள வாசகிக்கு,

சொல்லிக்கொடுக்கத்தான் செய்கின்றன. ஆனால் அந்த அலங்காரத்துக்குத் தொழில் காரணமும் உண்டு. திருப்பூர்ப் பக்கம் மடியில் பனியன் குவியலோடு பிசிறு வெட்டிக்கொண்டே சீரியல் ஓடும் வீடுகள் உண்டு. பாதி நேரம் காதுதான் பார்க்கிறது. வில்லியின் இசை வந்ததும் தலை நிமிரும். நிமிர்ந்த நொடியில் யாரென்று தெரிந்தாக வேண்டும். 2001இல் தொடங்கிய ‘கசௌட்டி ஜிந்தகி கே’ இந்தித் தொடரில் ஊர்வசி டோலக்கியா நடித்த கோமோலிகா வந்தாலே அவளுக்கென்று ஓர் இசை ஒலிக்கும். ‘கஹீன் கிஸ்ஸி ரோஸ்’ என்ற இன்னொரு இந்தித் தொடரில் சுதா சந்திரன் நடித்த ரமோலா சிகந்த், பொட்டுக்கே பேர் போனவள். (வில்லியின் சேலையையும் பார்க்கிறவர்கள் மனதில் குறித்துக்கொள்வார்கள். கதாநாயகி அழுது நனைத்த சேலையைக் கடையில் யார் கேட்கப் போகிறார்கள்!)

அப்புறம், தினமும் ஒரு எபிசோட் ஓட வேண்டுமே. நாயகி பொறுத்துப் போகிறவள். எதையாவது கிளப்பிவிட ஒருத்தி வேண்டும். அதனால்தான் ‘தெய்வமகள்’ தொடரில் (2013–2018) ரேகா கிருஷ்ணப்பா நடித்த காயத்ரி, ‘அண்ணியார்’ என்ற மரியாதையோடே நினைவில் நிற்கிறாள். உங்கள் மாமியாரும் ரசித்திருப்பார்.

எனக்கு லிப்ஸ்டிக்கைவிட வில்லி கையில் இருக்கும் சொத்துப் பத்திரம்தான் உறுத்துகிறது. சொத்து கேட்டால் வில்லி. “எனக்கு எதுவும் வேண்டாம்” என்று கையெழுத்துப் போட்டால் குலவிளக்கு. இந்துக் குடும்பங்களின் பூர்விகச் சொத்தில் மகளுக்கும் சமபங்கு என்று தமிழ்நாட்டில் 1989இலேயே சட்டம் வந்தது, அன்று கல்யாணமாகாதிருந்த பெண்களுக்கு. 2005இல் மத்திய அரசின் திருத்தம் கல்யாணமான மகள்களுக்கும் அதைத் தந்தது. இருந்தும் நம் பக்கம், “அதான் சீர் செஞ்சு அனுப்பியாச்சே” என்று சொல்லித் தோட்டத்தில் அவள் பங்கை விட்டுக்கொடுப்பதாக விடுதலைப் பத்திரம் எழுதி வாங்குவது நிற்கவில்லை. மாட்டேன் என்றவளை ஊர் என்ன பேசும் என்று உங்களுக்கே தெரியும். அந்தப் பேச்சுக்கு வசனம் எழுதித் தருவது இந்தத் தொடர்கள்தான்.

ஸ்லீவ்லெஸ்ஸை விட்டுவிடாதீர்கள். மாமியாரோடு சண்டையும் வேண்டாம். பிறந்த வீட்டில் அவருக்கு என்ன கொடுத்தார்கள் என்று விளம்பர இடைவேளையில் சாவகாசமாக விசாரியுங்கள். என்ன சொன்னார் என்று அவசியம் எழுதுங்கள்.